மேட்டுக் கொல்லை மண்

1

ஒரே நாளில் இரண்டு காகிதங்கள் வீட்டுக்கு வந்தன. ஒன்று மகளின் பள்ளிப் பையில். இன்னொன்று தபால் பெட்டியில்.

மகளுக்குப் பதினோரு வயது. மேற்கு ஜெர்மனியில், நிலக்கரி வெட்டும் ஒரு சின்ன ஊரில் பிறந்து வளர்கிறவள். அவள் வகுப்பில் பூகோளப் பாடம் நடக்கிறது. உயரமும் சமதளமுமான நிலத்துக்கு ஜெர்மன் மொழியில் ஒரு சொல் உண்டு; உயரத்தையும் சமவெளியையும் ஒட்டவைத்துச் செய்த சொல். வெளிநாட்டுப் பிள்ளைகள் தங்கள் வீட்டு மொழியில் அதற்கு என்ன பெயர், அதை எப்படியெல்லாம் பயன்படுத்துவார்கள் என்று ஐந்து வரி எழுதி வர வேண்டுமாம்.

"அப்பா, அது உயரம். ஆனா மேலே தட்டை. தமிழ்ல என்ன பேர்?"

"பீடபூமி" என்றேன், பள்ளிக்கூடத்தில் மனப்பாடம் செய்த ஞாபகத்தில்.

இரண்டு முறை சொல்லிப் பார்த்தாள். நாக்கு புரளவில்லை. "தாத்தா இப்படித்தான் சொல்வாரா?" என்று கேட்டாள்.

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. என் நைனா ஆயுளில் ஒரு தடவைகூட அந்தச் சொல்லைச் சொல்லியிருக்க மாட்டார். "தாத்தா மேடுன்னு சொல்வார்" என்றேன். அவளுக்கு அது பிடித்துப்போயிற்று. இரண்டே எழுத்து. ஜெர்மன் எழுத்தில் பெரிதாக எழுதி அடிக்கோடு போட்டுக்கொண்டாள். ஐந்து வரிக்கு என் முகத்தைப் பார்த்தாள்.

தபால் பெட்டியில் இருந்தது சுங்க அலுவலகத்தின் அட்டை. இந்தியாவிலிருந்து ஒரு பொட்டலம் வந்திருக்கிறது, உள்ளே துணியும் மண்ணும் இருக்கின்றன, நேரில் வந்து விளக்கம் சொல்லவும் என்று போட்டிருந்தது. அனுப்பியவர் என் நைனா. அது யாருடைய மண் என்று அவர் நினைத்து அனுப்பினார் என்பது எனக்குத் தெரியும். அந்த நினைப்புக்குக் காரணமும் நான்தான்.

2

மகளுக்கு முதல் வரி இப்படிச் சொன்னேன்: எங்கள் பக்கத்து மேடு கண்ணுக்குத் தெரியாது.

உண்மைதான். நெய்வேலியைச் சுற்றி இருந்த செம்மண் நிலம் முழுக்க மேடு. ஆனால் அதன்மேல் நிற்கிறவனுக்கு உயரத்தில் நிற்கிறோம் என்று தோன்றாது. மழை பெய்து, தண்ணீர் ஒரு பக்கமாக ஓட ஆரம்பித்த பிறகுதான் ஓஹோ இது மேடு என்று தெரியும். ஓடிய தண்ணீர் போய் நிற்கிற இடம் பள்ளம், அங்கே நெல். மேட்டில் இருப்பது கொல்லை. அங்கே முந்திரி, பலா, மல்லாட்டை என்கிற வேர்க்கடலை. பெண் கேட்டு வருகிறவர்கள் பையனின் படிப்பைக் கேட்க மாட்டார்கள், "மேட்டுல எவ்ளோ, பள்ளத்துல எவ்ளோ?" என்று கேட்பார்கள். பழைய ஊர் இருந்து அழிந்த இடத்துக்கு நத்தமேடு என்று பெயர். பிறகு நாங்கள் டவுன்ஷிப் குவார்ட்டர்ஸுக்குக் குடிவந்தபோது எதிர் வீட்டுக் கோயம்புத்தூர்க்காரர் கொல்லையை மேட்டாங்காடு என்றார். என்னடா காடு என்கிறாரே என்று நாங்கள் சிரித்தோம். எங்களுக்குக் காடு என்றால் மரம் அடர்ந்த வனம்.

ஒரு பயன்பாட்டை மட்டும் மகளிடம் சொல்லவில்லை. "மேடாப் பாத்து வையி" என்பது எங்களில் இறந்தவர்களைப் புதைக்கும்போது சொல்கிற பேச்சு. தண்ணீர் நிற்கிற இடத்தில் யாரையும் வைக்கக் கூடாது.

என் அக்கா அஞ்சலையை அப்படித்தான் எங்கள் மேட்டுக் கொல்லையின் வடகோடியில், பலா மரத்துக்குப் பக்கத்தில் வைத்தார்கள். மூன்று நாள் காய்ச்சல். அவளுக்குப் பதினொன்று, எனக்கு ஏழு. கல்யாணமாகாத பெண் போய்விட்டால் எங்கள் வழக்கத்தில் அவள் வீட்டுச் சாமியாகிவிடுவாள், பூவாடைக்காரி என்பார்கள். வருஷம் ஒரு ஆடி வெள்ளிக்கிழமை, புதுப் பாவாடை சட்டை வைத்து, பூ வைத்து, கொழுக்கட்டையும் பாயசமும் படைக்க வேண்டும். நைனா ஒரு வருஷமும் விட்டதில்லை. பாவாடை மட்டும் வளரவில்லை, எப்போதும் பதினோரு வயசு அளவுதான்.

அவள் பெயரைத்தான் என் மகளுக்கு வைத்தேன். இங்கே பிறப்புப் பதிவு அலுவலகத்தில் அது ஆண் பெயரா பெண் பெயரா என்று தெரியவில்லை, சான்று கொண்டு வா என்று இரண்டு முறை திருப்பி அனுப்பினார்கள். பட்ட பாட்டுக்கு இப்போது பள்ளியில் எல்லோரும் அவளை ஆன்யா என்று கூப்பிடுகிறார்கள். அஞ்சலை என்று நான் கூப்பிட்டால் இரண்டாவது தடவைதான் திரும்பிப் பார்க்கிறாள்.

3

சுரங்கத்துக்கு நிலம் எடுக்க முடிவாகி, கணக்கெடுக்க ஒருவர் வந்தார். நல்ல மனிதர். மோர் வாங்கிக் குடித்துவிட்டு, கட்டிலில் உட்கார்ந்து ஒவ்வொன்றாகக் கேட்டார். முந்திரி எத்தனை, பலா எத்தனை, கிணறு உண்டா, கொட்டகை உண்டா. எல்லாவற்றையும் எழுதி முடித்துக் கடைசியில் 'இதர' என்று ஒரு கட்டம் இருந்தது.

"வேற ஏதாவது இருக்கா பெரியவரே? கோயில், சமாதி, அந்த மாதிரி?"

நைனா பலா மரத்தைப் பார்த்தார். பிறகு, "ஒண்ணுமில்லீங்க" என்றார்.

அவர் போன பிறகு அம்மா பிடித்துக்கொண்டாள். "ஏன் அப்பிடிச் சொன்ன? கேட்டாரு இல்ல?"

"கெணத்துக்குக் கீழ, கொட்டாய்க்குப் பக்கத்துல எம்பொண்ண எழுதச் சொல்றியா?" என்றார் நைனா. "சாமிய லிஸ்ட்டுல எழுதுவாங்களா?"

அவ்வளவுதான். எங்களைத் தவிர வேறு யாராக இருந்தாலும் எழுதியிருப்பார்கள் என்றுதான் நினைக்கிறேன். கேட்டவருக்கும் தெரியாமல் போயிற்று, ஆகவே யாரையும் குற்றம் சொல்ல வழியில்லை. ஊரைக் காலி செய்தபோது, ஒரு பிடி மண்ணாவது எடுத்துக்கொள்ளலாமே என்று அம்மா கேட்டாள். வைத்தவர்களைக் கிளறக் கூடாது என்று அதையும் நைனா மறுத்துவிட்டார். கற்பூரம் காட்டிவிட்டு வந்தோம்.

நைனாவுக்குச் சுரங்கத்தில் மரம் நடுகிற பிரிவில் வேலை கிடைத்தது. சில வருஷம் கழித்து, ஐ.டி.ஐ. முடித்த எனக்கும் கிடைத்தது. அம்மா அதற்கு முன்பே போய்ச் சேர்ந்துவிட்டாள். நான் பெர்மனென்ட் ஆன அன்று மந்தாரக்குப்பத்தில் அல்வா வாங்கி பிளாக் முழுக்கக் கொடுத்தார் நைனா. அதையும் சொல்ல வேண்டும், நாங்கள் அங்கே சந்தோஷமாகவும் இருந்தோம்.

4

சுரங்கத்தில் மேல்மண்ணை வெட்டுவது ஒரு ராட்சதச் சக்கரம். விளிம்பில் வாளி வாளியாகக் கட்டியிருக்கும். நாங்கள் வீல் என்போம். வீல் வெட்டின மண் பெல்ட்டில் மைல் கணக்கில் ஓடி, மறுமுனையில் ஸ்ப்ரெட்டர் என்கிற மிஷினிடம் வரும். ஸ்ப்ரெட்டர் அதை நீட்டிய கையால் வாரி இறைக்கும். இறைத்து இறைத்து அங்கே ஒரு மண்மேடு எழும்பிக்கொண்டே போகும். நான் ஸ்ப்ரெட்டரில் வேலை பார்த்தேன். மண்மேட்டில் கன்று நடுவது நைனாவின் வேலை. மகள் கேட்ட சொல்லுக்கு அதைவிடப் பொருத்தமான நிலம் கிடையாது. உயரம், மேலே தட்டை.

எழுபதுகளின் நடுவில் ஒரு நாள் நைனா சாப்பிட்டுக்கொண்டே சொன்னார். "வர்ற வியாழக்கெழம ஃபர்ஸ்ட் ஷிப்டுல வீல் நம்ம கொல்லைக்கு வருதாம். வீல்ல நம்மூர்ப் பையன் ஒருத்தன் இருக்கான். பலா மரத்தாண்ட வெட்டறப்ப ஸ்ப்ரெட்டருக்கு போன் பண்றேன்னுக்கிறான். நீ பாத்துக்கினு இரு தம்பி. அந்த மண்ணு எங்க வுழுதோ அங்க ஒரு குச்சி நட்டுடு. போதும். அவ எங்க இருக்கான்னு தெரிஞ்சாப் போதும் எனக்கு."

"சரி நைனா" என்றேன்.

அதே வியாழக்கிழமை மெட்ராஸில் எனக்கு ஜெர்மனி வேலைக்கு நேர்முகத் தேர்வு. ஜெர்மனியிலிருந்து மிஷின் பூட்ட வந்தவர்களோடு பழகி, ஏதோ கொஞ்சம் மொழியும் கற்றுக்கொண்டு, ஒருவரின் சிபாரிசில் கிடைத்த வாய்ப்பு. ஒரே ஒரு நாள். விட்டால் போயிற்று. நைனாவிடம் அதைச் சொல்லியிருக்கவில்லை, கிடைத்த பிறகு சொல்லலாம் என்றிருந்தேன். திருநெல்வேலிக்கார நண்பன் ஒருவனோடு ஷிப்ட் மாற்றிக்கொண்டேன். அவனிடம் இந்த விஷயத்தைச் சொல்லிவிட்டுப் போக வேண்டும் என்றுதான் கேன்டீன் வரை கூடவே நடந்தேன். எப்படிச் சொல்வது? எங்க அக்கா பெல்ட்டில் வருவாள், கொஞ்சம் பார்த்துக்கொள் என்றா? டீ வாங்கிக் கொடுத்துவிட்டு வந்துவிட்டேன்.

வெள்ளிக்கிழமை திரும்பி வந்து அவனைத்தான் முதலில் பார்த்தேன்.

"போன் ஏதும் வந்துச்சா?"

"வந்துச்சுல. எவனோ 'வருது, வருது'ன்னு கத்துதான். என்னல வருதுன்னு கேக்கங்குள்ள வச்சுட்டான். ஏன், என்ன வந்துச்சு?"

ஒன்றுமில்லை என்றேன்.

வீட்டுக்குப் போனால் நைனா குளித்து, விபூதி பூசி, தேங்காய் கற்பூரத்தோடு வாசலில் நிற்கிறார். "எங்க?" என்றார். நான் மெட்ராஸ் போனதே அவருக்குத் தெரியாது. டபுள் ஷிப்ட் பார்த்து அசந்துபோயிருப்பேன் என்று எண்ணிக்கொண்டிருந்தார். அந்த இடத்தில் வாயைத் திறந்திருந்தால் ஒரு நாள் திட்டோடு முடிந்திருக்கும். நான் முன்னால் நடந்தேன். மண்மேட்டின் மேல் ஏறி, கால் நின்ற இடத்தில் நின்று, "இங்கதான்" என்றேன்.

நைனா குனிந்து ஒரு பிடி அள்ளினார். உள்ளங்கையில் வைத்துப் பார்த்தார். "வெளுப்பா இருக்குதே தம்பி. நம்ம கொல்ல செவப்பு."

"அடிமண்ணும் சேந்து வுழும் நைனா."

மண்ணைத் திரும்ப அங்கேயே தூவினார். "நீ மிஷின்ல இருக்கறவன், ஒனக்குத் தெரியும்" என்று சொல்லிவிட்டுக் கற்பூரம் கொளுத்தி விழுந்து கும்பிட்டார். மறுநாள் தன் பிரிவிலிருந்து ஒரு வேப்பங்கன்றைக் கொண்டுவந்து அந்த இடத்துக்குப் பக்கத்தில் அடையாளமாக நட்டார். அவர் அப்படி விழுந்து கும்பிட்டதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு உடம்பு கூசுகிறது.

5

வேலை கிடைத்தது. வந்துவிட்டேன். மூன்றாம் வருஷம் குறிஞ்சிப்பாடிப் பெண் கஸ்தூரியைக் கட்டிக் கூட்டிவந்தேன். இங்கேயும் அதே நிலக்கரி, அதே வீல், அதே பெல்ட். மண்மேடுகூட உண்டு, ஞாயிற்றுக்கிழமை சைக்கிளில் ஏறிப் பார்க்கிற அளவுக்கு அழகாக மரம் வளர்த்திருக்கிறார்கள். மிஷின் ஜெர்மன் எனக்கு நன்றாக வரும். ஆபீஸ் ஜெர்மன் பத்து வருஷத்துக்கு மேலாகியும் வரவில்லை. வரி, வாடகை, விசா எதற்குப் போனாலும் மகளைக் கூட்டிக்கொண்டு போகிறேன். நான் தமிழில் சொல்ல, அவள் ஜெர்மனில் சொல்ல, அதிகாரி அவளைப் பார்த்துத் தலையாட்டுவார்.

இங்கேயும் சுரங்கத்துக்காக ஊர்கள் காலியாகின்றன. பக்கத்து வீட்டு ஹில்டா அம்மா அப்படிப் புது இடத்துக்கு வந்தவர், கணவர் இல்லை. அவர் காட்டிய ஒரு காகிதத்தை என்னால் மறக்க முடியவில்லை. பழைய ஊர்க் கல்லறையில் யார், எந்த வரிசை, எந்த எண், புது இடத்தில் எங்கே வைக்க விருப்பம் என்று கட்டம் கட்டமாகக் கேட்டிருந்தார்கள். குறித்த நாளில் அவர் கணவரை எடுத்துவந்து புது ஊரில் வைத்தார்கள். ஹில்டா அம்மாவுக்கு அதிலும் குறை. பழைய இடத்தில் சீட்டாட்ட நண்பருக்குப் பக்கத்தில் இருந்தாராம், இங்கே முன்பின் தெரியாதவர்களுக்கு நடுவில் போட்டுவிட்டார்களாம்.

"உங்கள் ஊரில் எப்படிச் செய்தார்கள்?" என்று என்னைக் கேட்டார்.

"நாங்கள் எரித்துவிடுவோம்" என்றேன். பேச்சு அதோடு நின்றது. எனக்கு வேண்டியதும் அதுதான்.

6

இந்த வருஷத் தொடக்கத்தில் நைனாவின் கடிதம் வந்தது. ரிட்டயராகி மந்தாரக்குப்பத்தில் தனியாக இருக்கிறார். ஆனாலும் பழைய கூட்டாளிகளைப் பிடித்து, ஆடிக்கு ஆடி மண்மேட்டில் ஏறிப் படையல் போட்டுவிடுகிறார். அவர் எழுத்து அவர் பேச்சு மாதிரியே இருக்கும்.

"தம்பிக்கு நைனா எழுதுவது. இங்கு சொகம். வேப்பமரம் இருக்கிற பக்கம் இன்னொரு அடுக்கு மண் கொட்டப் போறாங்களாம். மரம் போவுதுன்னா போவட்டும். அவ அடியில போயிடக் கூடாது. இப்ப அவ கெளறின மண்ணுதானே, அதனால ஒரு பிடி எடுத்து வச்சிக்கினா தப்பில்லன்னு தோணுது. மரத்துக்கு எந்தப் பக்கம், எத்தினி அடி? நீதான பாத்த. கரெக்டா எழுது."

பதில் எழுத உட்கார்ந்தேன். உண்மையை எழுதப் பக்கம் பக்கமாக வேண்டியிருந்தது. நான் எங்கே போனேன், ஏன் சொல்லவில்லை, ஏன் வெளுப்பாக இருந்தது. மூன்று நாள் எழுதி எழுதிக் கிழித்தேன். கஸ்தூரியிடம்கூட நான் இதைச் சொன்னதில்லை. கடைசியில் ஏர் மெயில் தாளில் ஒரே வரி எழுதினேன்: "கிழக்கே மூணு அடி நைனா."

7

சுங்க அலுவலகத்துக்கும் மகளோடுதான் போனேன். கண்ணாடி போட்ட, தன்மையான ஓர் அதிகாரி பொட்டலத்தைப் பிரித்து வைத்திருந்தார். சிவப்புக் கரை போட்ட மஞ்சள் பாவாடை. அதற்குள் ஒரு துணி முடிச்சு. அதற்குள் வெளுத்த மண். மேலே ஒரு துண்டுக் கடிதம்.

"அஞ்சலய ஒங்கிட்ட அனுப்பறேன். எனக்கப்புறம் இங்க படையல் போட யாரு இருக்கா. மேடாப் பாத்து வையி. தண்ணி நிக்கற எடத்துல வச்சிடாத. பாவாட கொயந்தைக்கு."

என்னையறியாமல் வாய்விட்டுப் படித்துவிட்டேன் போலிருக்கிறது. "அஞ்சலையா? என்னையா?" என்றாள் மகள். இல்லை, இது வேறு அஞ்சலை என்றேன்.

அதிகாரி அவளிடம் நிதானமாக ஏதோ சொன்னார். அவள் கேட்டுக்கொண்டு என் பக்கம் திரும்பினாள். "வெளிநாட்டு மண் உள்ளே விட முடியாதாம் அப்பா. பூச்சி வருமாம். ஆனா..." அதிகாரி இன்னும் ஏதோ சொன்னார். என் முகத்தைப் பார்த்திருப்பார் என்று நினைக்கிறேன். "இது செத்தவங்க வச்ச இடத்து மண்ணான்னு கேக்கறார். ஆமான்னா வேற ஃபார்ம் இருக்காம். பேர், ஊர் எழுதினா மேலே கேட்டுப் பாப்பாராம். இல்லைன்னா தூக்கிப் போட்டுடுவாங்களாம்."

அவர் மேசை இழுப்பறையைத் திறந்து அந்தத் தாளை எடுத்து என் முன்னால் வைத்தும்விட்டார். பெயர் என்ற கட்டம் முதலாவதாக இருந்தது. பெயருக்கு மட்டுமே ஒரு கட்டம். கிணறு இல்லை, கொட்டகை இல்லை. இப்படியொரு தாளை அன்றைக்கு நைனா கையில் கொடுத்திருந்தால் எழுதியிருப்பாரோ என்னவோ.

எழுதிவிடலாம் என்றுதான் பேனாவைத் தொட்டேன். ஆனால் அது அவளில்லை. என் கால் நின்ற இடத்து மண். அவள் எங்கேயோ அந்த மண்மேட்டின் அடியில், யாருக்கும் தெரியாத இடத்தில் கிடக்கிறாள். எழுதிக் கையெழுத்தும் போட்டால் வாயால் சொன்ன பொய்யை அவள் பெயரில் பத்திரம் செய்துகொடுத்த மாதிரி ஆகிவிடும். எழுதாவிட்டால், அவள் என்று நம்பி ஒரு வயதானவர் மண்டியிட்டு அள்ளியது குப்பைக்குப் போகும். எந்தப் பக்கம் திரும்பினாலும் நான் செய்ததுதான் நின்றது.

"அப்பா, என்ன சொல்லட்டும்?" என்றாள் மகள்.

"இல்லைன்னு சொல்லு."

அவள் சொன்னாள். ஜெர்மனில் அது ஒரே ஒரு சின்னச் சொல். அதிகாரி முடிச்சை ஒரு சாம்பல் நிறப் பையில் போட்டு வாயைக் கட்டினார். ரசீது கொடுத்தார். 'மண். மனித எச்சம் அல்ல' என்று தட்டச்சு செய்து முத்திரை வைத்திருந்தது. பாவாடையை எங்களிடம் தந்துவிட்டார்.

வரும் வழியில் மகள் அதை இடுப்பில் வைத்துப் பார்த்தாள். அளவு சரியாக இருந்தது. "வர்ற கார்னிவலுக்கு இதைப் போட்டுக்கட்டுமா?" என்று கேட்டாள். கார்னிவல் என்பது இங்கே பிள்ளைகள் வேஷம் போட்டுக்கொண்டு தெருவில் போகிற பண்டிகை. போட்டுக்கோ என்றேன்.

8

ஞாயிற்றுக்கிழமை டிரங்க் கால் பதிவு செய்தேன். மந்தாரக்குப்பத்தில் நைனாவுக்குத் தெரிந்த மருந்துக் கடையில்தான் போன். முந்தின நாளே சொல்லி வைத்திருந்ததால் காத்துக்கொண்டிருந்தார். தூரத்துக்கு ஏற்றபடி கத்த வேண்டும் என்பது அவர் எண்ணம்.

மகள் எதிரே உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருந்தாள். நான்கு வரி ஆகியிருந்தது.

"தம்பி! வந்து சேந்தாளா?"

உண்மையைச் சொல்லத்தான் பணம் கட்டிப் பேசினேன். ராத்திரியெல்லாம் சொல்லிப் பார்த்து வைத்திருந்தேன். 'நைனா, அன்னிக்கு நான் ஷிப்டுல இல்ல.' அவ்வளவு சொன்னால் மீதி தானே வந்துவிடும்.

"தம்பி, கேக்குதா? சேந்தாளா?"

"சேந்துட்டா நைனா."

"எங்க வச்சிருக்க?"

"மேட்டுலதான்."

"தண்ணி நிக்குமா?"

"நிக்காது நைனா."

இந்த முறை அவர் கத்தாமல், பக்கத்தில் உட்கார்ந்து பேசுகிற மாதிரி, "அது போதும்ப்பா. எனுக்கு இனிமே என்னா" என்றார். கடைக்காரரிடம், "எம்பொண்ணு போய்ச் சேந்துட்டாளாம்" என்று சொல்வதும் கேட்டது. மூன்று நிமிடம் முடிந்து லைன் அறுந்தது.

மகள் எழுதுவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவளுக்குத் தமிழ் இவ்வளவு புரியும் என்று நான் நினைத்திருக்கவில்லை.

"அந்த ஆபீஸ்ல 'இல்லை'ன்னு சொல்லச் சொன்னீங்க" என்றாள். "நான்தானே சொன்னேன்."

நான் ரசீதைத் தேடுகிறவன் மாதிரி சட்டைப் பையைத் தடவினேன்.

"லீவுக்கு ஊருக்குப் போறோம் இல்லே? தாத்தா என்னைக் கேப்பார், அதை எங்கே வச்சீங்கன்னு." பேனாவை மூடாமல், சுங்க அலுவலகத்தில் காத்திருந்த மாதிரியே என் வாயைப் பார்த்துக் காத்திருந்தாள். "நான் என்ன சொல்லட்டும்ப்பா?"